பத்து நாள் பகை

பர்மாவின் மோன்யுவா சந்தையில், முகத்துக்கு அரைத்துப் பூசுகிற 'தனக்கா' மரக்கட்டை விற்கிற ட்வே யின்னுக்கு அந்தச் சேதியைக் கொண்டுவந்தவள் பக்கத்துக் கடை வெற்றிலைக்காரி. ஆற்றுக்கு அக்கரையில் குன்றின் மேல் இருக்கும் தியான மடத்துப் பெரிய சாமி பக்கவாதம் வந்து படுத்துவிட்டாராம். அவருக்குப் பதிலாக நாகிதர் என்று ஒரு பிக்கு தியானம் சொல்லித் தருகிறாராம். கூட்டம் தாங்கவில்லையாம்.

"சாமி முன்னாடி லாஞ்ச் ஓட்டினவராம்க்கா," என்றாள் வெற்றிலைக்காரி, சுண்ணாம்பைத் தடவிக்கொண்டே. "ஜெயில்லகூட இருந்தாராம். அங்கயே மனசு மாறிடுச்சாம்."

ட்வே யின் கையிலிருந்த ரம்பம் பாதிக் கட்டையில் நின்றது.

"துறவுக்கு முன்னாடி பேரு என்னவாம்?"

"என்னமோ சொன்னாங்களே. போ டோக்."

ட்வே யின் ரம்பத்தைக் கட்டையிலேயே விட்டுவிட்டு எழுந்து, மத்தியானத்துக்கு முன்னாலேயே கடையைக் கட்டினாள். பதினோரு வருடத்தில் அவள் அப்படிக் கடை கட்டியது அதுதான் முதல் தடவை.

பதினோரு வருடத்துக்கு முன்னால், மழைக்காலம் முடிந்து விளக்குத் திருவிழாவும் முடிந்த மறுநாள், அவளுடைய ஒரே மகள் பான் நூ லாஞ்ச் ஏறினாள். வயது பத்தொன்பது. சின்ட்வின் ஆற்றில் மேலே போனால் மின்கின் பக்கத்தில் ஒரு கிராமம். அங்கே பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலை கிடைத்திருந்தது. அறுபது பேர் ஏற வேண்டிய லாஞ்சில் நூற்றுப்பத்துப் பேர். அது போக உப்பு மூட்டை, சிமெண்டு மூட்டை. சாயங்காலம் ஒரு வளைவில் திரும்பும்போது லாஞ்ச் ஒரு பக்கமாகச் சாய்ந்து, நிமிராமலே போய்விட்டது. நாற்பத்தொரு பேர் செத்தார்கள். பான் நூவை நாலாம் நாள் நாணல் புதரில் கண்டெடுத்தார்கள். இடுப்பில் கட்டியிருந்த லோஞ்சித் துணியை வைத்துத்தான் தாய்க்கே அடையாளம் தெரிந்தது.

லாஞ்சுக்குச் சுக்கான் பிடித்தவன் போ டோக். நீந்திக் கரையேறிவிட்டான். வழக்கு நடந்தபோது ட்வே யின் கூண்டில் ஏறி நின்று சொன்னாள்: "அன்னிக்குக் காலைல துறையில நான் பார்த்தேன். இவன் கையில கிளாஸ் இருந்துச்சு. குடிச்சுட்டு நின்னான். கிட்டப் போனா சாராய நாத்தம்." அளவுக்கு மீறி ஆளேற்றிய குற்றத்துக்கு இரண்டு வருடம், குடித்துவிட்டு ஓட்டியதற்கு மூன்று வருடம் என்று அவனை ஐந்து வருடம் உள்ளே வைத்தார்கள். அது போதவில்லை அவளுக்கு. அன்று முதல் அவளிடம் கட்டை வாங்க வருகிறவர்கள், குடிகாரச் சுக்கானியின் கதையையும் சேர்த்து வாங்கிக்கொண்டுதான் போகவேண்டும் என்றாகிவிட்டது. புருஷன் ஏற்கெனவே இல்லை. பேச வேறு கதையும் இல்லை.

இப்போது அந்தக் குடிகாரன் காவி கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். ஊர் அவன் காலில் விழுகிறது.

மடத்தில் பத்து நாள் பயிற்சி. பத்தாம் நாள் ஊரைக் கூட்டி அன்னதானம். பத்து நாளும் உட்கார்ந்தவர்களுக்கு அன்றைக்கு முன்வரிசை. ட்வே யின் இதையெல்லாம் விசாரித்துக்கொண்டாள். முன்வரிசையில் உட்காரவேண்டும், கூட்டம் நிறைந்ததும் எழுந்து நிற்கவேண்டும், நாற்பத்தொரு பேரையும் பெயர் சொல்லி எண்ணவேண்டும். பெயர்கள் அவளுக்கு மனப்பாடம்.

மடத்தில் பெண்கள் பகுதிக்குப் பொறுப்பு கேமா என்ற பிக்குணி. ரோஜா நிற அங்கி, மழித்த தலை, கத்தரிக்கோல் மாதிரி வாய்.

"என்ன வியாதிம்மா உங்களுக்கு?" என்றாள், பேரேட்டைப் பார்த்தபடி.

"வியாதி ஒண்ணும் இல்ல."

"வியாதி இல்லாதவங்க இங்க வர்றதில்ல. பரவாயில்ல, பத்து நாள் இருக்கே, என்னன்னு தெரிஞ்சுடும்." பழுப்பு நிற மேல்துண்டு ஒன்றை எடுத்து நீட்டினாள். "பேசக் கூடாது. யாரையும் நிமிர்ந்து பார்க்கக் கூடாது. பன்னெண்டு மணிக்கு மேல சோறு கிடையாது. சாமிகிட்ட தினம் ஒரு தடவை போய் என்ன பார்த்தீங்கன்னு சொல்லணும். போனதும் மூணு தரம் விழுந்து கும்பிடணும்."

"எனக்கு முட்டி மடங்காது."

"இருநூத்தி நாப்பது படி ஏறி வந்திருக்கீங்க."

"ஏறும். மடங்காது."

கேமா அவளை ஒருமுறை மேலும் கீழும் பார்த்தாள். பிறகு பேரேட்டில் என்னவோ எழுதிக்கொண்டாள்.

அன்று மாலை மண்டபத்தில் அவனைப் பார்த்தாள். இளைத்துக் கறுத்திருந்தான். ஒரு தோள் மற்றதைவிடத் தாழ்ந்திருந்தது. சுக்கான் பிடித்துப் பிடித்து வந்த தாழ்வு. குரல் மட்டும் அதே குரல். நீதிமன்றத்தில் 'ஆமாங்கய்யா, ஏத்தினேன்' என்று சொன்ன குரல்.

"மூச்சு விடும்போது வயிறு எழும்பும், தாழும். எழும்பினா எழும்புதுன்னு தெரிஞ்சுக்குங்க. தாழ்ந்தா தாழுதுன்னு தெரிஞ்சுக்குங்க. வலி வந்தா வலி. கோபம் வந்தா கோபம். விரட்டவும் வேண்டாம், வச்சுக் கொஞ்சவும் வேண்டாம். பார்த்தா போதும்."

சொல்லிக்கொண்டே வரிசையாகப் பார்த்து வந்தவனின் கண் அவளிடம் வந்ததும் நின்றது. ஒரு மூச்சு நேரம். பிறகு அடுத்தவளுக்கு நகர்ந்தது. அடையாளம் கண்டுகொண்டான் என்று அவளுக்குத் தெரிந்தது. நல்லது, பத்து நாளும் பயந்துகொண்டே கிடக்கட்டும் என்று நினைத்தாள்.

மறுநாள் அவளுடைய முறை வந்தது. சின்ன மூங்கில் அறை. அவன் மேடையில் உட்கார்ந்திருந்தான். பெண்கள் தனியாகப் பிக்குவைப் பார்க்கக் கூடாது என்பதால் கேமா ஓரத்தில் பாய் போட்டிருந்தாள். ட்வே யின் கும்பிடாமல் உட்கார்ந்தாள்.

"என்ன தெரிஞ்சுதும்மா?" என்றான் அவன்.

"ஒண்ணும் தெரியல."

"வயிறு?"

"வயிறு இருக்கு. எரியுது."

"எரிச்சல் எந்த இடத்துல?"

"உன்னப் பார்த்தா எல்லா இடத்துலயும்."

கேமா விருட்டென்று நிமிர்ந்தாள். "சாமியப் போய் 'நீ'ன்னு பேசறீங்க?"

"விடுங்க," என்றான் அவன். "அவங்க பார்த்ததச் சொல்றாங்க. அம்மா, அந்த எரிச்சல் எங்க ஆரம்பிக்குது, எங்க ஏறுது, எவ்வளவு நேரம் நிக்குது, பார்த்துட்டு நாளைக்கு வந்து சொல்லுங்க."

வெளியே வந்தபோது அவளுக்குப் பற்கள் நறநறவென்றன. பெற்ற பெண்ணைத் தின்றவன் எனக்குப் பாடம் வைக்கிறான். சரி, பார்க்கிறேன். ஒன்றுவிடாமல் பார்த்து, படி போட்டு அளந்து, உன் முகத்தில் கொண்டுவந்து கொட்டுகிறேன். இது உன்னால் எரிகிற நெருப்புடா, இத்தனை அடி உயரம், இத்தனை அடி அகலம் என்று சொல்கிறேன்.

அந்த மண்டபத்தில் இருந்த அறுபது பெண்களில் அவளைப் போல உட்கார்ந்தவர் யாரும் இல்லை. மற்றவர்கள் அமைதி வேண்டி வந்தவர்கள். சாய்ந்தார்கள், தூங்கினார்கள், அழுதார்கள். அவளோடு அறையைப் பங்கிட்ட மா லோன் என்ற பருத்த பெண், பகலெல்லாம் பக்தியாக உட்கார்ந்துவிட்டுச் சாயங்காலம் பசி தாங்காமல் தலையணைக்குள் ஒளித்து வைத்த புளிமிட்டாயைச் சத்தமில்லாமல் சப்பினாள். ஒரு தடவை மாட்டிக்கொண்டு, "நாக்கு எழும்புது, தாழுது, அதத்தான் கவனிச்சேன்," என்று கேமாவிடம் சொல்லி இன்னும் வாங்கிக் கட்டிக்கொண்டாள். ட்வே யின்னுக்கு அது எதுவும் கண்ணில் படவில்லை. சாட்சி சேகரிக்கிறவள் போல அவள் தன் கோபத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இடது விலாவுக்குக் கீழே சூடாக ஒரு முடிச்சு விழும். அதுதான் ஆரம்பம். அங்கிருந்து நெஞ்சுக்குழி, தொண்டை. தொண்டைக்கு வந்ததும் தாடை இறுகும், காது சூடாகும், வலது கையின் பெருவிரல் தானாக மடங்கும். அதற்குப் பிறகு? மூன்றாம் நாள் அதற்குப் பிறகு என்ன என்று விடாமல் பார்த்தாள். காதுச் சூடு ஆறியது. தாடை தளர்ந்தது. விலாவில் கொஞ்ச நேரம் குறுகுறுவென்று இருந்துவிட்டு அதுவும் போய்விட்டது. வெளியே ஒரு காக்கை கத்தியது கேட்டது.

அவள் பதறிப்போனாள். வீட்டில் யாரோ புகுந்து பெட்டியைத் தூக்கிக்கொண்டு போன மாதிரி இருந்தது. அவசரமாக மனசுக்குள் துறைக்கு ஓடினாள். கிளாஸ். போ டோக்கின் கை. சாராய நாற்றம். நாணல். லோஞ்சி. முடிச்சு மறுபடி விழுந்தது. அப்போதுதான் மூச்சு வந்தது.

நாலாம் நாளும் அப்படியே ஆயிற்று. ஐந்தாம் நாள் மத்தியானத்துக்குள் பதினேழு தடவை எண்ணிவிட்டாள். பதினேழு தடவையும் கோபம் தானாகப் போயிற்று. பதினேழு தடவையும் தானாக வரவில்லை. அவள்தான் போய் இழுத்துக்கொண்டு வந்தாள்.

இதை அவனிடம் சொல்லக் கூடாது என்றுதான் மூங்கில் அறைக்குள் நுழைந்தாள். ஆனால் தனக்குப் பொய் சொல்ல வராது என்று அவளுக்கு எப்போதும் ஒரு பெருமை உண்டு.

"போயிடுது," என்றாள் வெடுக்கென்று. "நிக்க மாட்டேங்குது. நான் போய்த்தான் இழுத்துட்டு வரவேண்டியிருக்கு."

"எதப் பிடிச்சு இழுக்கறீங்க?"

"அது உனக்கு எதுக்கு?"

"எனக்குச் சொல்ல வேண்டாம். கைக்கு முதல்ல எது வருதோ அத மட்டும் பாருங்க. முன்ன பின்ன எதையும் ஒட்டாம."

"என் மகள் செத்ததையா ஒட்டாம பார்க்கச் சொல்ற?"

"முதல்ல வர்றது மகளா?" என்று கேட்டான் அவன்.

அவள் எழுந்து வந்துவிட்டாள்.

முதலில் வருவது மகள் இல்லை. ஒரு நாள் முழுக்க அதை எதிர்த்துச் சண்டை போட்டுப் பார்த்தாள், பலிக்கவில்லை. பான் நூவின் முகம் கடைசியில்தான் வந்தது, சில சமயம் வரவே இல்லை. முதலில் வருவது ஒவ்வொரு தடவையும் அந்த கிளாஸ்தான்.

ஏழாம் நாள் காலை, கஞ்சி குடித்துவிட்டு வந்த முதல் அமர்வு. முட்டி நிஜமாகவே வலித்தது. வலி என்று பார்த்தாள். முடிச்சு விழுந்தது, ஏறியது, இறங்கியது. பிறகு கிளாஸ் வந்தது. இந்தத் தடவை அவள் அதைப் பிடித்து இழுக்கவில்லை. வந்ததை வந்த இடத்திலேயே வைத்துப் பார்த்தாள்.

அடிப்பக்கம் தடித்த சின்னக் கண்ணாடி கிளாஸ். போ டோக் அதை விளிம்பில் இரண்டு விரலால் தூக்கிப் பிடித்திருந்தான். ஏன் அப்படிப் பிடித்திருக்கிறான்? வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனான். ஊதினான். ஆவி ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அவன் தோளுக்குப் பின்னால் ஒரு கெட்டில், பால் டப்பாக்கள், டீக்கடைக்காரனின் மருமகள் கரித்துணியால் பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். டீசல் நாற்றம் அடித்தது. பொங்கிய பாலின் வாசனையும் அடித்தது. வேறு எந்த வாசனையும் இல்லை.

ட்வே யின் கண்ணைத் திறந்துவிட்டாள்.

திறந்த பிறகும் அது போகவில்லை. அது மட்டுமில்லாமல் மற்றதும் ஒன்றன்பின் ஒன்றாக வந்தது. பான் நூவை எடுத்து அடக்கம் செய்த அன்று வீட்டில் யாரோ, "அவன் குடிச்சிருப்பான், இல்லாட்டி எப்படிக் கவுழும்," என்றார்கள். "ஆமா, கையில கிளாஸ் வச்சிருந்தான், நான் பார்த்தேன்," என்று அவள் சொன்னாள். அது உண்மைதான். ஏழாம் நாள் காரியத்துக்கு வந்தவர்களிடம், "குடிச்சுட்டு நின்னான்," என்று சொன்னாள். ஒரு மாதம் கழித்து நாற்றமும் வந்து சேர்ந்தது. கூண்டில் ஏறி நின்றபோது அந்த நாற்றம் நிஜமாகவே அவள் மூக்கில் இருந்தது. அவள் பொய் சொல்லவில்லை. ஆனாலும் சொன்னது பொய்.

அறைக்குப் போய்த் துணிமணியைச் சுருட்டினாள். படியிறங்கும் இடத்தில் கேமா பெருக்கிக்கொண்டு நின்றாள்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

"வீட்டுக்கு."

"ஏழாம் நாளா? ஏழாம் நாள் ரெண்டு பேராவது மூட்டை கட்டுவாங்க. இந்தத் தடவை ஒருத்தர்தான்." கேமா விளக்குமாற்றைக் குறுக்கே வைக்கவில்லை, ஓரமாக நகர்ந்து வழி விட்டாள். "என்ன வியாதின்னு தெரிஞ்சுதா?"

ட்வே யின் நாலு படி இறங்கினாள். நின்றாள். திரும்பி ஏறினாள். நேரே மூங்கில் அறைக்குப் போனாள். கேமா விளக்குமாற்றோடு பின்னாலேயே ஓடிவந்தாள்.

அவன் ஏதோ ஓலைச்சுவடியைப் புரட்டிக்கொண்டிருந்தான்.

"அது டீ," என்றாள் ட்வே யின்.

அவன் சுவடியை மூடினான். "ஆமா."

"உனக்குத் தெரியும்."

"குடிச்சவனுக்குத் தெரியாதா."

"கோர்ட்ல நான் சொன்னப்ப ஏன் வாயத் திறக்கல?"

"திறந்து என்ன சொல்றது? நாப்பத்தொரு பேர் தண்ணியில. டீயா சாராயமான்னு நான் அங்க நின்னு வழக்காடணுமா? ஆளேத்தினது நான். வளைவுல வேகத்தக் குறைக்காதது நான். நீங்க கொடுத்த மூணு வருஷம் கம்மின்னுதான் அப்ப நினைச்சேன்."

"அப்ப?"

"அப்படித்தான் உள்ள போனேன். போய் ஒரு மாசத்துல மாறிடுச்சு." அவன் குரல் எழும்பவும் இல்லை, தாழவும் இல்லை. "ரெண்டு வருஷம் உங்கள தினமும் கொன்னேன்மா. தூங்கி எழுந்ததும் உங்க முகம்தான். இந்தப் பொம்பள பொய் சொல்லிட்டா, பொய் சொல்லிட்டான்னு. அது ஒரு சுகம். அத நினைச்சுட்டு இருந்தா லாஞ்ச நினைக்க வேண்டாம். அந்த உப்பு மூட்டைங்கள நினைக்க வேண்டாம். நீங்க பொய் சொன்னது எனக்கு ரொம்ப உதவியா இருந்துச்சு."

"உதவியா," என்றாள் அவள். முடிச்சு விழுந்தது, ஏறியது, தாடை இறுகியது. அதைப் பார்த்தாள், பார்த்தும் பேசினாள். "என் பொய்ய வச்சு நீ புண்ணியம் தேடிட்ட. வாய மூடிட்டு அஞ்சு வருஷம் இருந்து, பெரிய தியாகி ஆகி, இங்க வந்து மேடையில உட்கார்ந்துட்ட. நான் சந்தையில உட்கார்ந்து பதினோரு வருஷம் இல்லாத சாராயத்த மோந்து பார்த்துட்டு இருந்தேன். ஒரு வார்த்தை. டீதாம்மான்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா?"

"நம்பியிருப்பீங்களா?"

"நம்பியிருக்க மாட்டேன். ஆனா நீ சொல்லியிருக்கணும்."

அவன் தலை குனிந்தது. "ஆமா," என்றான். "சொல்லியிருக்கணும். நல்லவனா இருக்கிறதா நினைச்சுக்கிட்டு உங்களப் பொய்க்குள்ள விட்டுட்டேன். அத நான் இன்னிக்கு வரைக்கும் பார்க்கல."

"பார்த்துக்கோ. அதான் உன் தொழிலாச்சே."

ஓரத்தில் கேமா உட்கார்ந்திருந்தாள். விளக்குமாறு இன்னும் கையில் இருந்தது.

"உன்ன நான் மன்னிக்கல," என்றாள் ட்வே யின் எழுந்தபடி. "ஐம்பது பேர அதிகமா ஏத்தினியே, அதுக்கு மன்னிப்பு என்கிட்ட இல்ல."

"நான் கேட்கல," என்றான் அவன்.

அவள் மூட்டையை அறையில் கொண்டுபோய்ப் போட்டுவிட்டு மண்டபத்துக்குத் திரும்பி உட்கார்ந்தாள். அன்று மாலையில்தான், கண்ணை மூடிக் கொஞ்ச நேரத்தில், யாரும் இழுக்காமல் பான் நூ வந்தாள். நாணல் புதரில் கிடந்த பான் நூ இல்லை. சாப்பாட்டில் மிளகாய் அதிகமானால் நாக்கை நீட்டி விசிறிக்கொள்கிற பான் நூ. பதினோரு வருடத்தில் அவளுக்கு அது ஒரு தடவைகூட நினைவுக்கு வந்ததில்லை. ட்வே யின்னின் கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. சூடு, ஈரம், அரிப்பு. துடைக்காமல் உட்கார்ந்திருந்தாள். அழுது முடிந்தபோது உள்ளே எதுவும் இறுகிக் கிடக்கவில்லை. வயிறு எழும்பியது, தாழ்ந்தது. அதற்கு மேல் எதுவும் நடக்கவில்லை. நடக்கவேண்டும் என்றும் தோன்றவில்லை.

பத்தாம் நாள் ஊரே மலையேறி வந்தது. ட்வே யின் முன்வரிசையில் உட்கார்ந்தாள். அவன் மேடையிலிருந்து அவளைப் பார்த்தான். அவள் எழுந்திருப்பாள் என்று எதிர்பார்க்கிறான் என்று அவளுக்குப் புரிந்தது. என்ன சொன்னாலும் வாங்கிக்கொள்ளத் தயாராக உட்கார்ந்திருந்தான். குடித்தான் என்று இனிச் சொல்ல முடியாது. குடிக்கவில்லை என்று சொன்னால், இத்தனை பக்தர்கள் முன்னால் அவனுக்கு அதுவே மகுடமாகிவிடும். அந்த மகுடத்தை அவள் கையால் வைக்கப்போவதில்லை. பொய்யை எங்கே விற்றாளோ அங்கேதான் திருப்பி வாங்கவேண்டும். கூட்டம் விழுந்து கும்பிட்டபோது அவள் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்திருந்தாள். சாப்பிட்டுவிட்டுப் படியிறங்கினாள்.

சந்தையில் முதலில் வெற்றிலைக்காரியிடம் சொன்னாள். "அவன் அன்னிக்குக் குடிக்கல. டீ குடிச்சான். நான்தான் தப்பாச் சொல்லிட்டேன்."

வெற்றிலைக்காரி கொட்டைப்பாக்கை வெட்டுவதை நிறுத்தினாள். "மலையில என்னக்கா கொடுத்தாங்க உங்களுக்கு? வாயில திணிச்சு அனுப்பியிருக்காங்களே."

"ஒண்ணும் கொடுக்கல. பன்னெண்டு மணிக்கு மேல சோறுகூடக் கொடுக்கல."

வெற்றிலைக்காரிக்குச் சிரிப்பு வரவில்லை. பேச்சு சந்தை முழுக்கப் பரவ அரை நாள்கூட ஆகவில்லை. செத்தவர்களின் வீட்டு ஆட்கள் வந்தார்கள். ஒருவர் கடைமுன் காறித் துப்பினார். மடத்துக்காரர்கள் வளைத்துவிட்டார்கள் என்றார்கள். செத்த மகளை விற்றுவிட்டாள் என்றும் ஒருத்தி சொன்னாள். ட்வே யின் எல்லோருக்கும் ஒரே பதிலைத்தான் சொன்னாள்: "அளவுக்கு மேல ஏத்தினான், அதனால செத்தாங்க. அது அவன் தப்புதான். சாராயம் மட்டும் நான் சேர்த்தது." சொல்லும்போதெல்லாம் முடிச்சு விழுந்தது, காது சூடாயிற்று. கட்டையை அறுத்தபடியே அது போகும்வரை இருந்தாள். சில நாள் சீக்கிரம் போயிற்று. சில நாள் சாயங்காலம் வரை நின்றது. நாலு மாதம், தெரிந்தவர்கள் யாரும் அவளிடம் கட்டை வாங்கவில்லை.

விளக்குத் திருவிழாவுக்கு மறுநாள் படகுத்துறையில், செத்த நாற்பத்தொரு பேரின் பெயரால் பிக்குகளுக்குத் தானம் கொடுப்பது வழக்கம். இந்தத் தடவை ட்வே யின்னைக் கூப்பிடவில்லை. அவள் தானாகவே போய்க் கூட்டத்துக்கு எட்ட, படகு கட்டும் கல்லுக்குப் பக்கத்தில் நின்றாள். பிக்குகள் ஓதி முடித்ததும் கூட்டத்திலிருந்து ஒரு பெண் பிரிந்து அவளைப் பார்த்து வந்தாள். சின் மியா. உப்பு வியாபாரி வீட்டுப் பெண். அந்த லாஞ்சில் இரண்டு பையன்களைப் பறிகொடுத்தவள். வருடத்தில் இந்த ஒரு நாள்தான் துறைப்பக்கம் வருவாள்.

"டீயா?" என்றாள் சின் மியா.

"டீதான்."

"நிச்சயமா?"

"ஆவி பறந்துச்சு. ஊதி ஊதிக் குடிச்சான்."

"அன்னிக்கு என் ரெண்டு பசங்களையும் நான்தான் கையப் பிடிச்சு ஏத்தி விட்டேன். அவன்கிட்டயே, பார்த்துக்கப்பான்னு சொன்னேன். இவ்வளவு தூரத்துல நின்னேன். எனக்கு ஒரு நாத்தமும் தெரியல. நீ கோர்ட்ல சொன்ன அன்னிலேருந்து, குடிச்சவன் வாய் நாத்தம்கூடத் தெரியாத குருட்டு முண்டம், பெத்த பிள்ளைங்கள அவன் கையில கொடுத்துட்டனேன்னு பதினோரு வருஷமா நான்..."

அதற்கு மேல் வார்த்தை வரவில்லை. கைதான் வந்தது. ட்வே யின்னின் கன்னத்தில் விழுந்த அறையின் சத்தத்துக்குப் படகுக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

கன்னம் எரிந்தது. காதுக்குள் இரைந்தது. வலது கையின் பெருவிரல் மடங்கியது, பிறகு விரிந்தது. அந்தக் கையை அவள் ஓங்கவும் இல்லை, கன்னத்தைத் தடவிக்கொள்ளவும் இல்லை. தன் மகளுக்காக எறிந்த கல் இன்னொரு தாயின் நெஞ்சில் போய் விழுந்து இத்தனை வருடம் அங்கேயே கிடந்திருக்கிறது. அது வலித்தது. கன்னத்தைவிட அதிகமாக வலித்தது. அதையும் பார்த்தாள். அது சீக்கிரம் போகிற வலி இல்லை என்று தெரிந்தது.

"இன்னொண்ணு அடிக்கணும்னா அடிச்சுக்கோ சின் மியா," என்றாள். "உனக்கு மூக்கு நல்லாத்தான் இருந்துச்சு. என் வாய்தான் கெட்டது."

சின் மியா மறுபடி கையைத் தூக்கினாள். தூக்கிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு படகு கட்டும் கல்லின் மேல் பொத்தென்று உட்கார்ந்து, முகத்தை லோஞ்சியில் புதைத்துக்கொண்டாள்.

"என்கிட்ட பேசாத," என்றாள் உள்ளிருந்து.

"சரி."

"போகவும் போகாத."

ட்வே யின் முட்டியை மடக்கித் தரையில் உட்கார்ந்தாள். மேலே போகிற லாஞ்ச் ஒன்று ஊதிவிட்டுக் கிளம்பியது. இருவரும் அதைப் பார்க்கவில்லை.